புதிய பதிப்பு வந்திருக்கிறது என்று வாடிக்கையாளரிடம் எப்படிச் சொல்வது, அவரிடம் என்ன கேட்பது?

2025 செப்டம்பர் 3ஆம் தேதி நடந்த ஜிஎஸ்டி கவுன்சிலின் 56ஆவது கூட்டம் வரிவீதங்களைப் பெரிய அளவில் மாற்றியது. 12 விழுக்காடு, 28 விழுக்காடு ஆகிய இரண்டு அடுக்குகளும் ஏறத்தாழ நீங்கின. நெய்யும் வெண்ணெயும் 12 விழுக்காட்டிலிருந்து 5 விழுக்காட்டுக்கு இறங்கின. ஷாம்பு, பற்பசை, தலைக்குத் தேய்க்கும் எண்ணெய் ஆகியவை 18இலிருந்து 5க்கு வந்தன. பள்ளி நோட்டுப் புத்தகங்களுக்கு வரியே இல்லாமல் போயிற்று. புதிய வீதங்கள் செப்டம்பர் 22, திங்கட்கிழமை முதல் நடைமுறைக்கு வந்தன. இடையில் இருந்தவை 19 நாள்கள். கடைகளுக்கு பில் போடும் மென்பொருளைத் தயாரித்து விற்கும் ஒவ்வொரு நிறுவனத்துக்கும் அந்த நாள்களில் இரண்டு வேலைகள் இருந்தன. மென்பொருளை மாற்றுவது ஒன்று. மாற்றியதைக் கடைக்காரருக்குச் சொல்லி, அது அவருடைய கல்லாவில் சரியாக ஓடுகிறதா என்று கேட்டறிவது மற்றொன்று.

இந்த இரண்டாவது வேலையைப் பற்றியதே இக்கட்டுரை. மென்பொருள் துறையில் புதிதாகச் சேர்ந்தவர்களும், சொந்தமாக ஒரு செயலியையோ சேவையையோ நடத்தத் தொடங்கியிருப்பவர்களும் இதை எல்லாம் முடிந்த பிறகு கடைசி நாளில் அவசரமாகச் செய்துவிடும் சிறு வேலையாக நினைக்கிறார்கள். வாடிக்கையாளர் பணம் கொடுத்து வாங்கி, தினமும் பயன்படுத்தி, கண்ணை மூடிக்கொண்டே இயக்கும் அளவுக்குப் பழகிவிட்ட ஒன்றின் மீது நாம் கைவைக்கிறோம் என்பதை நினைத்துப் பார்த்தால், அந்த வேலை சிறியதல்ல என்பது விளங்கும். மாற்றத்தைச் சொல்வதும், சொன்ன பிறகு அவர் பேசுவதைக் கேட்பதும் தனித்தனி வேலைகள் அல்ல என்பது என் கருத்து. நன்றாகச் சொல்லப்படாத மாற்றத்தைப் பற்றி வரும் கருத்துகளில் பெரும்பகுதி, மாற்றத்தைப் பற்றியதாக இல்லாமல் குழப்பத்தைப் பற்றியதாகவே இருக்கும்; அவற்றை வைத்துக்கொண்டு மென்பொருளைத் திருத்த முடியாது.

பதிவேடு வேறு, அறிவிப்பு வேறு

ஒழுங்காக நடக்கும் ஒவ்வொரு மென்பொருளுக்கும் ஒரு மாற்றப் பதிவேடு இருக்கும். எந்தத் தேதியில், எந்தப் பதிப்பில் என்ன சேர்ந்தது, என்ன திருத்தப்பட்டது, என்ன நீக்கப்பட்டது என்று அதில் வரிசையாக எழுதிவைப்பார்கள். 7.2.1 என்பது போன்ற பதிப்பு எண்ணும் அந்தப் பதிவின் ஒரு பகுதிதான். பலரும் பின்பற்றும் வழக்கத்தின்படி, முதல் எண் கூடினால் பழைய முறையோடு ஒத்துப்போகாத பெரிய மாற்றம் வந்திருக்கிறது என்றும், நடு எண் கூடினால் பழையது கெடாமல் புதிய வசதி சேர்ந்திருக்கிறது என்றும், கடைசி எண் கூடினால் பிழைகள் மட்டும் திருத்தப்பட்டிருக்கின்றன என்றும் பொருள். ஆறு மாதம் கழித்து ஒரு கடையில் கணக்கு இடிக்கும்போது, கோளாறு எந்தப் பதிப்பில் நுழைந்தது என்று தேடும் பொறியாளருக்கும், தொலைபேசியில் வாடிக்கையாளருக்குப் பதில் சொல்பவருக்கும் இந்தப் பதிவேடு இன்றியமையாதது.

ஆனால் பதிவேட்டு வரியை அப்படியே எடுத்து வாடிக்கையாளருக்கு அனுப்பினால் அது அறிவிப்பு ஆகிவிடாது. "பதிப்பு 7.2: எச்எஸ்என் அட்டவணை புதுப்பிக்கப்பட்டது, வரி அடுக்குகள் மாற்றியமைக்கப்பட்டன, சில பிழைகள் சரிசெய்யப்பட்டன" என்று ஒரு மளிகைக் கடைக்காரருக்குச் செய்தி போவதாக வைத்துக்கொள்வோம். எச்எஸ்என் என்பது வரிக்காகப் பொருள்களை வகைப்படுத்தும் குறியீடு. அந்தச் செய்தியில் பொய் ஒன்றும் இல்லை. இருந்தும் அதைப் படித்துவிட்டு அவர் செய்யக்கூடியது எதுவும் இல்லை. தாம் ஏதாவது செய்ய வேண்டுமா, தானாக மாறிவிடுமா, ஏற்கெனவே போட்ட பில்கள் என்னவாகும் என்ற கேள்விகள் அவருக்கு அப்படியே நிற்கின்றன. அதே மாற்றத்தை இப்படிச் சொல்லலாம்:

"திங்கட்கிழமை (22ஆம் தேதி) காலை முதல் நெய், ஷாம்பு, பற்பசை உள்ளிட்ட பல பொருள்களுக்கு வரி குறைகிறது. ஞாயிறு இரவு கடை அடைத்த பிறகு மென்பொருளைத் திறந்து 'புதுப்பி' என்பதை ஒருமுறை அழுத்துங்கள். பத்து நிமிடம் ஆகும். திங்கட்கிழமை போடும் முதல் பில்லில் நெய்க்கு 5 விழுக்காடு என்று வருகிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஞாயிறு வரை போட்ட பில்கள் எதுவும் மாறாது. எங்கள் பட்டியலில் இல்லாமல் நீங்களே சேர்த்துவைத்திருக்கும் பொருள்களுக்கு மட்டும் வரியை நீங்கள் மாற்ற வேண்டும். புதிய வரி சரியாக வரவில்லை என்றால் இதே எண்ணுக்கு அழையுங்கள்."

இந்த ஏழு வாக்கியங்களில் பதிப்பு எண்ணே இல்லை என்பதைக் கவனியுங்கள். என்ன மாறுகிறது, எப்போது மாறுகிறது, அவர் என்ன செய்ய வேண்டும், சரியாக நடந்ததா என்று எப்படித் தெரிந்துகொள்வது, எது மாறாது, தவறினால் யாரிடம் பேசுவது ஆகியவை அனைத்தும் இருக்கின்றன. சொற்களும் கடைக்காரருடைய சொற்கள். அட்டவணை என்று சொல்லாமல் நெய் என்று சொல்கிறோம். ஏனென்றால் அவர் கையில் எடுத்துத் தராசில் வைப்பது நெய்தான்.

இவற்றுள் எழுதுபவர்கள் அடிக்கடி மறந்துவிடுவது 'எது மாறாது' என்னும் பகுதி. எழுதுபவருக்கு அது வெளிப்படையாகத் தெரிவதால் எழுதத் தோன்றுவதில்லை. படிப்பவருக்கோ முதலில் எழும் அச்சம் அதைப் பற்றியதாகத்தான் இருக்கும்.

வாட்ஸ்அப் கற்றுக்கொண்ட பாடம்

2021 ஜனவரி முதல் வாரத்தில் வாட்ஸ்அப் தன் பயனர்களின் திரையில் ஓர் அறிவிப்பைக் காட்டியது. சேவை விதிகளும் தனியுரிமைக் கொள்கையும் மாறுகின்றன. பிப்ரவரி 8க்குப் பிறகு சேவையைத் தொடர வேண்டுமானால் அவற்றை ஏற்க வேண்டும் என்பது அதன் சாரம். கொள்கை மாற்றத்தின் முதன்மையான பகுதி, வணிக நிறுவனங்களோடு நடக்கும் உரையாடல்களைப் பற்றியது. நண்பர்களும் குடும்பத்தினரும் தமக்குள் அனுப்பிக்கொள்ளும் செய்திகளைப் பிறர் படிக்க முடியாதபடி பூட்டிவைக்கும் மறையாக்கம் அப்படியே நீடித்தது. ஆனால் படித்தவர்களுக்கு அது விளங்கவில்லை. இனி நம் செய்திகளையெல்லாம் படிப்பார்கள் என்ற பேச்சு சில நாள்களில் உலகெங்கும் பரவியது. சிக்னல், டெலிகிராம் ஆகிய செயலிகளுக்கு மக்கள் கூட்டம் கூட்டமாக மாறினார்கள். இந்தியாவில் வாட்ஸ்அப் நாளிதழ்களில் முழுப்பக்க விளம்பரம் கொடுத்துத் தன்னிலை விளக்கம் சொல்ல வேண்டியதாயிற்று. ஜனவரி 15ஆம் தேதி, கெடுவை மே 15க்குத் தள்ளிவைப்பதாக நிறுவனம் அறிவித்தது.

'உங்கள் தனிப்பட்ட செய்திகளை நாங்கள் இப்போதும் படிக்க முடியாது, இனியும் முடியாது' என்ற ஒரு வாக்கியம் முதல் அறிவிப்பின் முதல் வரியாக இருந்திருந்தால் குழப்பத்தில் பெரும்பகுதி எழுந்திருக்காது என்று நம்புகிறேன். ஆனால் சொல்லும் முறையைத் திருத்தினால் எல்லாமே சரியாகிவிட்டிருக்கும் என்று கருதுவதும் தவறு. ஏற்றுக்கொள், இல்லையேல் விலகு என்று கெடு வைத்ததே பலருடைய உண்மையான குறை. அது புரியாமையால் வந்ததல்ல. இந்தியப் போட்டி ஆணையம் அந்தக் கொள்கை மாற்றம் திணிக்கப்பட்ட முறையைக் காரணமாகக் காட்டி 2024 நவம்பரில் வாட்ஸ்அப்பின் உரிமையாளரான மெட்டா நிறுவனத்துக்கு 213.14 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. எனவே அறிவிப்பு எழுத உட்காரும்போது, இதில் புரியவைக்க வேண்டியது எவ்வளவு, நாமே மறுபரிசீலனை செய்ய வேண்டியது எவ்வளவு என்று முதலில் பிரித்துப் பார்ப்பது நல்லது. எவ்வளவு முயன்றும் ஒரு மாற்றத்தை வாடிக்கையாளரின் பக்கத்திலிருந்து நேர்மையாக எழுத முடியவில்லை என்றால், சிக்கல் பெரும்பாலும் எழுத்தில் இருக்காது, மாற்றத்திலேயே இருக்கும்.

எல்லா மாற்றமும் ஒரே அளவானதல்ல

பிழைத்திருத்தங்களுக்குப் பெரிய அறிவிப்பு தேவையில்லை. அந்தப் பிழையால் இடர்ப்பட்டு அழைத்தவர்களுக்குச் சொன்னால் போதும். புதிய வசதியை அது யாருக்குப் பயன்படுமோ அவர்களிடம் சொல்ல வேண்டும். ஒரே கல்லா வைத்திருக்கும் கடைக்காரரிடம், பல கிளைகளின் இருப்பை ஒரே திரையில் காணும் வசதியைப் பற்றி மூன்று முறை சொன்னால் நான்காம் முறை நாம் சொல்லும் அவசரச் செய்தியையும் அவர் திறக்கமாட்டார். பாதுகாப்புத் திருத்தங்களை விரைவாகவும் மறைக்காமலும் சொல்ல வேண்டும். மிகுந்த கவனம் தேவைப்படுபவை இரண்டு. இருந்த வசதியை எடுத்துவிடுவது ஒன்று, விலையைக் கூட்டுவது மற்றொன்று.

விலை மாற்றத்தைப் பற்றிப் பேசும்போது சென்னையோடு தொடர்புடைய ஒரு நிகழ்ச்சியைச் சொல்லாமல் இருக்க முடியாது. வாடிக்கையாளர் உதவி மையங்களுக்கான மென்பொருளை வழங்கிவந்த ஜென்டெஸ்க் நிறுவனம், 2010 மே மாதத்தில் தன் கட்டணங்களைக் கணிசமாக உயர்த்துவதாக அறிவித்தது. ஏற்கெனவே பணம் கட்டிக்கொண்டிருந்தவர்களுக்கும் அந்த உயர்வு பொருந்தும் என்றதும் அவர்கள் கொதித்துப்போனார்கள். சில நாள்களிலேயே நிறுவனத்தின் தலைமைச் செயல் அலுவலர் மிக்கேல் ஸ்வானே மன்னிப்புக் கேட்டு, பழைய வாடிக்கையாளர்களுக்குப் பழைய கட்டணமே தொடரும் என்று அறிவித்தார். அதற்குள் அந்தச் சலசலப்பைப் பற்றிய செய்தியையும், இத்துறையில் வேறொருவருக்கு இடமிருக்கிறது என்று ஒருவர் எழுதியிருந்த கருத்தையும், ஜோஹோவில் பணியாற்றிக்கொண்டிருந்த கிரீஷ் மாத்ருபூதம் படித்துவிட்டார். அந்த ஆண்டே வேலையை விட்டு விலகிச் சென்னையில் அவர் தொடங்கியதுதான் ஃப்ரெஷ்டெஸ்க். பின்னர் ஃப்ரெஷ்வொர்க்ஸ் என்று பெயர் மாறிய அந்நிறுவனம் 2021 செப்டம்பரில் அமெரிக்காவின் நாஸ்டாக் பங்குச்சந்தையில் பட்டியலிடப்பட்டது. ஓர் அறிவிப்புக்கு வாடிக்கையாளர்கள் சொன்ன மறுமொழி, அறிவித்தவருக்கு மட்டுமே கேட்கும் என்று எண்ணக்கூடாது. அதே துறையில் வாய்ப்புத் தேடிக்கொண்டிருக்கும் எல்லோர் காதிலும் அது விழுகிறது.

விலையைக் கூட்டவே கூடாது என்பதல்ல இதன் பொருள். செலவு கூடும்போது விலையும் கூடத்தான் செய்யும். அதை வாடிக்கையாளரும் அறிவார். எவ்வளவு கூடுகிறது என்ற எண்ணை முதல் வரியிலேயே சொல்வது, இப்போது இருப்பவர்களுக்கு எந்தத் தேதி வரை பழைய விலை என்று உறுதியளிப்பது, விலக விரும்புபவர் தம் தரவை எப்படி எடுத்துக்கொண்டு போகலாம் என்பதையும் அதே கடிதத்தில் எழுதுவது ஆகிய மூன்றும் இருந்தால், கோபம் வந்தாலும் அவமதிக்கப்பட்ட உணர்வு வராது. விலையுயர்வை "மகிழ்ச்சியான செய்தி" என்ற தலைப்பில் அனுப்புவது அந்த உணர்வைக் கட்டாயம் உண்டாக்கும்.

எந்த வழியில், எந்த நேரத்தில்

மின்னஞ்சலைத் தினமும் பார்க்கும் கணக்கருக்கு மின்னஞ்சல் பொருந்தும். கல்லாவில் நிற்பவருக்கு மென்பொருளின் திரையிலேயே காட்டுவது பொருந்தும். ஆனால் மாலை ஆறு மணிக்கு ஏழு பேர் வரிசையில் நிற்கும்போது திரையை மறைத்துக்கொண்டு ஒரு பெட்டி தோன்றினால், அவர் அதைப் படிக்காமலே மூடிவிடுவார். மூடியவர் படித்துவிட்டதாக நம் கணக்கில் பதிவாகிவிடும். 2025ஆம் ஆண்டின் வரிமாற்றம் நவராத்திரி தொடங்கிய அதே திங்கட்கிழமையில் வந்தது. முந்தைய நாள் மகாளய அமாவாசை. கடைகளில் கூட்டம் மிகும் அத்தகைய நாள்களில், கடை திறப்பதற்கு முன்போ அடைத்த பிறகோ மட்டுமே செய்தி சென்று சேரும்.

குறுஞ்செய்தியை நம்பியிருப்பவர்கள் முன்கூட்டியே அறிந்துகொள்ள வேண்டியவை இரண்டு உண்டு. இந்தியாவில் வணிக நிறுவனங்கள் அனுப்பும் குறுஞ்செய்திகளுக்கு, அனுப்புநர் பெயரையும் செய்தியின் மாதிரி வாசகத்தையும் தொலைத்தொடர்பு நிறுவனங்களின் பதிவுத் தளத்தில் முன்பே பதிந்து ஒப்புதல் பெற்றிருக்க வேண்டும். ஞாயிறு மாலை எழுதி ஞாயிறு இரவே அனுப்பிவிட முடியாது. அடுத்தது தமிழுக்கே உரியது. ஆங்கில எழுத்தில் ஒரு குறுஞ்செய்திக்கு 160 இடங்கள் கிடைக்கின்றன. தமிழில் எழுதினால் 70 இடங்களே. அதிலும் புள்ளியும் துணைக்குறிகளும் தனித்தனி இடங்களாகக் கணக்கிடப்படுகின்றன. 'வணக்கம்' என்பது நம் எண்ணிக்கையில் ஐந்து எழுத்து. குறுஞ்செய்தியின் எண்ணிக்கையில் ஏழு இடம். ஆகவே தமிழில் அனுப்பும் செய்தி இரண்டு மூன்று துண்டுகளாகி, செலவும் அவ்வாறே பெருகுகிறது. இதைக் காரணம் காட்டித் தமிழ்க் கடைக்காரருக்கு ஆங்கிலத்தில் செய்தி அனுப்பும் வழக்கம் எனக்கு உடன்பாடானதல்ல. முகமன் சொற்களை விட்டுவிட்டு நேரே செய்திக்கு வந்தால் 70 இடங்களில் நிறையச் சொல்லலாம். தமிழ் சுருங்கச் சொல்வதற்கு இடம் கொடுக்கும் மொழி.

முதலில் சிலருக்கு

அறிவிப்பை அனைவருக்கும் அனுப்புவதற்கு முன்பே கருத்துக் கேட்கும் வழி ஒன்றும் உண்டு. மாற்றத்தை ஒரு சிறு பகுதியினருக்கு மட்டும் கொடுத்து, அவர்களிடம் என்ன நடக்கிறது என்று பார்த்துவிட்டு விரிவாக்குவது அது. ஆப்பிளின் ஆப் ஸ்டோர் இதற்கென ஏழு நாள் முறை ஒன்றை வைத்திருக்கிறது: தானியங்கிப் புதுப்பிப்பை இயக்கிவைத்திருப்பவர்களில் முதல் நாள் 1 விழுக்காட்டினருக்கும், பிறகு 2, 5, 10, 20, 50 என்று கூடி, ஏழாம் நாள் எல்லோருக்கும் புதிய பதிப்பு போகிறது. இடையில் நிறுத்திவைக்கவும் முடியும். இப்படிப் படிப்படியாகப் போகாததன் விலையை உலகம் 2024 ஜூலை 19 அன்று கண்டது. கிரௌட்ஸ்டிரைக் என்னும் பாதுகாப்பு நிறுவனம் அனுப்பிய பிழையுள்ள ஒரு புதுப்பிப்பு ஒரே நேரத்தில் எல்லா இடங்களுக்கும் சென்றதால், மைக்ரோசாஃப்டின் மதிப்பீட்டின்படி ஏறத்தாழ 85 லட்சம் விண்டோஸ் கணினிகள் செயலிழந்தன. விமான நிலையங்களும் மருத்துவமனைகளும் தடுமாறின.

சிறு நிறுவனத்துக்கு இவ்வளவு ஏற்பாடு தேவையில்லை. விதவிதமான பத்துக் கடைகளைத் தேர்ந்தெடுத்து, முதலில் அவர்களுக்குத் தந்து, மறுநாள் காலை பத்துப் பேரையும் தொலைபேசியில் அழைத்தால் போதும். அந்தப் பத்தில் நம்மை விரும்புபவர்கள் மட்டும் இருந்துவிடக்கூடாது. பழைய கணினி வைத்திருப்பவர், இணையம் அடிக்கடி அறுந்துபோகும் ஊரில் இருப்பவர், எப்போதும் குறை சொல்பவர் ஆகிய மூவரும் அவசியம் அதில் இருக்க வேண்டும்.

கேட்பதில் உள்ள நுட்பம்

இனி, மறுமொழிக்கு வருவோம். கட்டுரையின் கடினமான பகுதி இதுதான். ஏனெனில் கேள்வி தவறாக இருந்தால், எத்தனை பேர் பதில் சொன்னாலும் விடை தவறாகவே இருக்கும்.

1985 ஏப்ரல் 23ஆம் தேதி கோகோ கோலா நிறுவனம், 99 ஆண்டுகளாக விற்றுவந்த பானத்தின் சுவையை மாற்றியது. முன்பின் யோசிக்காமல் மாற்றிவிடவில்லை. ஏறத்தாழ 2 லட்சம் பேரிடம் சுவைச் சோதனை நடத்தியது. இரண்டு சுவைகளையும் பெயர் தெரியாமல் குடித்துப் பார்த்தவர்களில் பெரும்பாலோர் புதியதையே விரும்பினார்கள். ஆயினும் அறிவிப்பு வெளிவந்ததும் எதிர்ப்புக் கடிதங்களும் தொலைபேசி அழைப்புகளும் குவிந்தன. 79ஆவது நாளில், ஜூலை 11 அன்று, பழைய சுவை திரும்ப வருவதாக அறிவிக்க வேண்டியதாயிற்று. சோதனையில் பங்கேற்றவர்கள் பொய் சொல்லவில்லை. எது சுவையாக இருக்கிறது என்று அவர்களிடம் கேட்கப்பட்டது. அதற்கு அவர்கள் உண்மையான பதிலைத் தந்தார்கள். புதியதை விற்கத் தொடங்கினால் பழையது இனி எந்தக் கடையிலும் கிடைக்காது, சம்மதமா என்பது வேறு கேள்வி; நிறுவனம் எடுத்த முடிவு அந்த இரண்டாவது கேள்விக்கான விடையைச் சார்ந்திருந்தது.

தொடங்குபவர்கள் இதிலிருந்து எடுத்துக்கொள்ளக்கூடிய முறை ஒன்று உண்டு. விருப்பத்தைக் கேட்காமல் நடந்ததைக் கேளுங்கள். "இந்தப் புதிய திரை பிடித்திருக்கிறதா?" என்று கேட்டால், நம் ஊரில் பெரும்பாலோர் மரியாதைக்காகவேனும் "நன்றாக இருக்கிறது" என்பார்கள். முகத்துக்கு நேரே குறை சொல்வதை நாம் நாகரிகமாகக் கருதுவதில்லை. அதற்குப் பதிலாக, "நேற்று மாலை கடைசியாக எந்த பில்லில் நின்று யோசித்தீர்கள்?" என்று கேளுங்கள், "புதுப்பித்த பிறகு எதையாவது கையால் எழுதிச் சரிசெய்தீர்களா?" என்று கேளுங்கள். நினைவில் இருக்கும் ஒரு நிகழ்ச்சியைச் சொல்வது யாரையும் புண்படுத்தாது என்பதால் உண்மை எளிதாக வெளிவரும். "எதிர்காலத்தில் இந்த வசதியைப் பயன்படுத்துவீர்களா?" என்ற கேள்விக்கு வரும் 'ஆம்' என்ற விடையை மட்டும் நம்பி ஒருபோதும் வேலையைத் தொடங்காதீர்கள்.

மதிப்பெண் கேட்கும் முறை பரவலாக இருக்கிறது. எங்களை நண்பருக்குப் பரிந்துரைப்பீர்களா என்று 0 முதல் 10 வரை மதிப்பிடச் சொல்லி, 9, 10 தந்தவர்களின் விழுக்காட்டிலிருந்து 0 முதல் 6 வரை தந்தவர்களின் விழுக்காட்டைக் கழிக்கும் கணக்கை வணிக ஆலோசகர் ஃப்ரெட் ரைக்ஹெல்ட் 2003இல் முன்வைத்தார். காலப்போக்கில் நிலைமை ஏறுகிறதா இறங்குகிறதா என்று காண அது உதவலாம். ஆனால் நாற்பது வாடிக்கையாளர் உள்ள ஒரு நிறுவனத்துக்கு அந்த எண்ணைவிட, நாற்பது பேரோடும் பதினைந்து நிமிடம் பேசுவது பல மடங்கு பயன் தரும். ஏன் 6 கொடுத்தார் என்பதை அந்த 6 சொல்லாது.

கேட்காமலே வரும் மறுமொழிகளும் உண்டு. உதவி மையத்துக்கு வரும் அழைப்புகள் ஒரு வகை. மக்கள் உண்மையில் எதை அழுத்துகிறார்கள், எதைத் தொடுவதே இல்லை என்பதைக் காட்டும் பயன்பாட்டுப் பதிவுகள் மற்றொரு வகை. இவை வாய்ச்சொல்லோடு எப்போதும் ஒத்துப்போவதில்லை. ஃபேஸ்புக் 2006 செப்டம்பரில், நண்பர்களின் செயல்களை ஒரே இடத்தில் தொகுத்துக் காட்டும் நியூஸ் ஃபீடை எந்த முன்னறிவிப்பும் இல்லாமல் அறிமுகப்படுத்தியது. லட்சக்கணக்கானோர் எதிர்ப்புக் குழுக்களில் சேர்ந்தார்கள். ஆனால் அந்த எதிர்ப்பு அவ்வளவு வேகமாகப் பரவியதற்குக் காரணமே, யார் எந்தக் குழுவில் சேர்கிறார்கள் என்பதை அந்த நியூஸ் ஃபீட் எல்லோருக்கும் காட்டியதுதான். மார்க் சக்கர்பெர்க் சில நாள்களில் வெளிப்படையாகத் தவற்றை ஒப்புக்கொண்டார். எந்தெந்தச் செயல் பிறருக்குத் தெரியலாம் என்று பயனரே தீர்மானிக்கும் கட்டுப்பாடுகள் சேர்க்கப்பட்டன. நியூஸ் ஃபீட் நீக்கப்படவில்லை. மக்கள் சொன்னதில் நியாயமான குறை ஒன்று இருந்தது: தம்மைப் பற்றிய செய்தி தம் அனுமதி இல்லாமல் பரப்பப்படுகிறது என்பது அது. பழகாத புதுமையால் எழுந்த எரிச்சலும் அதோடு கலந்திருந்தது. முன்னதைத் திருத்த வேண்டும்; பின்னதற்குக் காலம் கொடுக்க வேண்டும். இரண்டையும் பிரித்தறிவதற்குச் சூத்திரம் எதுவும் எனக்குத் தெரியாது. குறை சொல்லி எழுதியவர்களில் சிலரை அழைத்து, அவர்களுடைய எந்த வேலை இப்போது நடக்காமல் நிற்கிறது என்று கேட்பதே நானறிந்த நல்ல வழி. நிற்கும் வேலையைச் சொல்ல முடிந்தால் அது குறை. சொல்ல முடியாவிட்டால் பெரும்பாலும் பழக்கக் குறைவு.

வந்ததை என்ன செய்வது

வரும் ஒவ்வொரு கருத்தையும் சொன்னவருடைய சொற்களிலேயே எழுதிவைக்க வேண்டும். "பில் திரை பற்றிய புகார்" என்று நாம் சுருக்கி எழுதினால் அதில் இருந்த உயிர் போய்விடும். "திருப்பிக் கொடுத்த நெய்க்குக் கணக்கு இடிக்குது" என்று அவர் சொன்னதை அப்படியே எழுத வேண்டும். எத்தனை செய்தி வந்தது என்று எண்ணாமல் எத்தனை கடை சொன்னது என்று எண்ண வேண்டும். ஒருவரே பத்து முறை அழைத்திருக்கலாம், பத்துப் பேர் ஒருமுறைகூட அழைக்காமல் வேறு மென்பொருளுக்கு மாறியிருக்கலாம். பேசாமல் போனவர்களைத் தேடிச் சென்று கேட்பதுதான் இவை எல்லாவற்றிலும் மதிப்பு மிக்க மறுமொழி; அதைப் பெறுவதற்குத்தான் மனம் எளிதில் துணிவதில்லை.

வாடிக்கையாளர் கேட்கும் தீர்வும் அவருக்குத் தேவைப்படும் தீர்வும் சில சமயம் வேறாக இருக்கும். "பழைய வரியைத் திரும்பக் கொண்டுவரும் பொத்தான் ஒன்று வேண்டும்" என்று வரிமாற்றம் நடந்த வாரத்தில் ஒரு கடைக்காரர் கேட்பதாக வைத்துக்கொள்வோம். அப்படியே செய்து கொடுத்தால், கல்லாவில் இருக்கும் பையன் தவறி அழுத்திய நாளில் எல்லா பில்லும் தவறாகிவிடும். எதற்கு என்று கேட்டால்தான் தெரியும்: சனிக்கிழமை விற்ற நெய்யைச் செவ்வாய்க்கிழமை ஒருவர் திருப்பிக் கொடுக்கிறார், விற்றபோது 12 விழுக்காடு வரியோடு பில் போட்டிருக்கிறது, மென்பொருளோ இப்போது 5 விழுக்காட்டில் திருப்புச் சீட்டுப் போடுகிறது. அவருக்குத் தேவை பழைய பில்லின் எண்ணைத் தட்டினால் அந்த பில்லின் வரியிலேயே திருப்புச் சீட்டு வருவது. பொத்தான் அவர் அறிந்த அளவில் கண்டுபிடித்த வழி. குறை அவர் கண்ட உண்மை. குறையை அவரிடமிருந்து பெற்றுக்கொண்டு, வழியை நாம் தேட வேண்டும்.

திருத்தம் முடிந்ததும், அதைச் சொன்னவருக்கு முதலில் சொல்ல வேண்டும். பலரும் விட்டுவிடும் படி இது. அடுத்த முறை கேட்கும்போது யாரும் பதில் சொல்லாமல் இருப்பதற்குக் காரணமும் இதுவே. செய்ய முடியாது என்று முடிவெடுத்தாலும் அதையும் காரணத்தோடு சொல்லிவிட வேண்டும். "பரிசீலனையில் உள்ளது" என்று இரண்டு ஆண்டு சொல்வதைவிட, இதை நாங்கள் செய்யப்போவதில்லை என்று இன்றே சொல்வது அவருடைய நேரத்துக்கு நாம் கொடுக்கும் மரியாதை.

எனவே மேலே சொன்ன கடைக்காரருக்கு, பொது அறிவிப்பு போவதற்கு ஒரு நாள் முன்பே, தொலைபேசியில் இப்படிச் சொல்லலாம்: "அண்ணாச்சி, போன வாரம் நெய் திரும்பி வந்தபோது கணக்கு இடிக்கிறது என்று சொன்னீர்கள். அதைச் சரிசெய்துவிட்டோம். இன்றிரவு ஒருமுறை புதுப்பித்துவிட்டு, அந்தப் பழைய பில்லின் எண்ணைத் தட்டிப் பாருங்கள். 12 விழுக்காட்டிலேயே திருப்புச் சீட்டு வர வேண்டும். நாளை மதியம் கூட்டம் குறைந்ததும் அழைக்கிறேன். வந்ததா, வேறு எதிலாவது இடிக்கிறதா என்று சொல்லுங்கள். அதன் பிறகுதான் மற்றக் கடைகளுக்கு அனுப்பப்போகிறோம்."